பேரளிக்கு வாங்க அண்ணே

பெரம்பலூர் பயணியர் மாளிகையின் கூடத்தில் பெஞ்சு போட்டு எங்களை உட்கார வைத்திருந்தார்கள். மதியச் சாப்பாடு முடிந்திருந்தது. கரண்ட் போய் மின்விசிறி நின்றுவிட்டது. பக்கத்தில் இருந்தவரின் சட்டையிலிருந்து வியர்வையும் சாம்பாரும் கலந்த வாடை வந்தது. எண்பதுகளின் நடுவில் ஏதோ ஒரு சித்திரை மாதம்.

மேசைமேல் மூன்று வயர்லெஸ் செட்டுகள் இருந்தன. பெங்களூரிலிருந்து ஒரு கம்பெனி சார்பில் வந்திருந்த என்ஜினீயருக்கு முப்பது வயது இருக்கும். கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே பேசினார்.

"இது உங்களுக்கு வரப்போற செட்டு இல்லீங்க. ராணுவத்துக்குத்தான். சும்மா பார்த்து வச்சுக்கங்க."

செட்டுகள் பேட்டரியில் ஓடுபவை. அதனால் கரண்ட் போனதற்காக வகுப்பு நிற்கவில்லை. நின்றிருந்தால் எங்களில் பாதிப் பேர் சந்தோஷப்பட்டிருப்போம்.

ஒரு செட்டைக் கொடுத்து ஒரு ஆளை வெளியே வேப்பமரத்தடிக்கு அனுப்பினார். அவர் அங்கிருந்து ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவது மேசைமேலிருந்த செட்டில் கேட்டது. என்ஜினீயர் மூன்றாவது செட்டை முடுக்கினார். அது வெறும் இரைச்சலை மட்டும் கொட்டுகிற செட்டு. எண்ணுகிறவரின் குரல் அதற்குள் மூழ்கிப் போயிற்று. பிறகு என்ஜினீயர் ஒரு குமிழைத் திருப்பினார். இரைச்சல் செட்டு அப்படியே ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் மரத்தடிக்காரரின் குரல் தெளிவாக வந்தது. முப்பத்தி ஒண்ணு, முப்பத்தி ரெண்டு.

"ஒரே இடத்துல நின்னு பேசினா எதிரி அந்த இடத்துல சத்தத்தைக் கொட்டிருவான். அதனால இது நிக்கவே நிக்காது. ஒரு செகண்டுக்குள்ள பல தடவை அலைவரிசை மாறும். எந்த வரிசையில மாறணும்னு ரெண்டு செட்டுக்கும் முன்னாடியே சொல்லி வச்சிருக்கோம். மூணாவது ஆளுக்கு அந்த வரிசை தெரியாது. அவன் துரத்திக்கிட்டு வர்றதுக்குள்ள இது தாண்டிப் போயிருக்கும்."

"போற எடத்துல ஏற்கெனவே இரைச்சல் இருந்தா?" என்று பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்.

"அந்த இடத்துல விழற துணுக்கு மட்டும் போயிரும். ஒரு வார்த்தையில நூலளவு. காதுக்கே தெரியாது."

எல்லாரும் கை தட்டினார்கள். எனக்குக் கை எழவில்லை. அதே வேலையைக் கையால் குமிழைத் திருகிச் செய்த இரண்டு பேரில் ஒருவன் நான். இன்னொருவருக்கு அதனால் வேலை போயிற்று. எனக்குப் போகவில்லை.

தூசி மூடிய பெட்டி

இந்தத் தொடரைப் படிக்கும் அன்பர் ஒருவர், நான் வேலை பார்த்த துறையின் பெயரை ஏன் எழுதுவதே இல்லை என்று கேட்டிருந்தார். அதில் இருந்தவர்கள் சிலர் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். சிலர் இல்லை. இரண்டும் காரணம்தான்.

விக்கிரமங்கலம் பக்கம் மருதையாற்றை ஒட்டிய குடியிருப்பு எங்களுடையது. அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் வயலில் நாற்று நட்டு, களை பறித்து, கரும்பு வெட்டி எங்களை வளர்த்தார்கள். பள்ளிப் படிப்பு முடித்த கையோடு ராணுவத்துக்குப் போனேன். சிக்னல் பிரிவில் போட்டார்கள். பத்து வருஷம் காதில் ஹெட்போனோடு கழிந்தது. திரும்பி வந்ததும் அரியலூர் வயர்லெஸ் நிலையத்தில் வேலை கிடைத்தது. நிலையம் என்றால் ஓர் அறை, ஒரு மேசை, ஒரு செட்டு, ஒரு வாட்ச்மேன்.

செட்டு பழைய யுத்தத்தில் மிஞ்சியது. பெரிய குமிழ் ஒன்று இருக்கும். அதைத் திருகினால் முள் நகர்ந்து அலைவரிசை மாறும். அரியலூரில் சுண்ணாம்புத் தூசிக்குக் குறைவில்லை. காலையில் மேசையைத் துடைத்தால் மதியத்துக்குள் விரலால் பெயர் எழுதலாம். என் முதல் வேலை தினமும் அந்தக் குமிழைத் துணியால் துடைப்பது. கடைசி வேலையும் அதுதான். நடுவில் மழை அளவு, ஆற்று மட்டம், அதிகாரிகள் வருகை என்று நாளெல்லாம் அனுப்பியும் வாங்கியும் காது மரத்துப் போகும்.

எங்களுக்கென்று ஒதுக்கப்பட்டது ஒரே ஓர் அலைவரிசை. திருச்சி தலைமை நிலையம், பெரம்பலூர், அரியலூர், இன்னும் சில ஊர்கள் எல்லாம் அதில்தான் பேச வேண்டும். அதை விட்டு நகரக் கூடாது என்று சுவரில் சட்டம் போட்டு மாட்டியிருந்தது.

பெரம்பலூர் குரல்

பெரம்பலூர் செட்டில் இருந்தவர் நூருதீன். லப்பைக்குடிக்காட்டுக்காரர். அவருடைய அண்ணன்கள் எல்லாம் கப்பலேறிப் போய்க் கடை வைத்தவர்கள். இவருக்கு மட்டும் சின்ன வயதிலிருந்தே ரேடியோப் பித்து.

"கடையும் வேணாம், கப்பலும் வேணாம்னு சொல்லிட்டு இந்தப் பெட்டி முன்னாடி வந்து உக்காந்துட்டேன் அண்ணே. அத்தா என்கூட சரியா பேசியே ரெண்டு வருஷம் ஆச்சு" என்று ஒருநாள் சொன்னார். அத்தா என்றால் அவருடைய அப்பா.

நானும் என் கதையைச் சொன்னேன். அக்காவைப் பற்றிச் சொன்னேன். என் ஒரே அக்கா, தங்கம்மா, அந்த ஆற்றோரக் குடியிருப்பிலேயே கட்டிக்கொண்டு அங்கேயே இருந்தார். நான் படிக்கத் துணையாக, தான் பள்ளிக்கூடம் போகாமல் கூலிக்குப் போனவர்.

இரண்டு ஊருக்கும் நடுவில் பஸ்ஸில் ஒரு மணி நேரம் இருக்கலாம். இருந்தும் மூன்று வருஷமாக நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்ததில்லை. எனக்கு லீவு கிடைத்தால் அவருக்குக் கிடைக்காது. போகலாம், போகலாம் என்று தள்ளிக்கொண்டே போனது.

கோடையில் இடி இறங்கினால் செட்டில் எண்ணெயில் அப்பளம் போட்ட மாதிரி பொரியும். சில மதியங்களில் எந்த நாட்டு ஸ்டேஷனோ எங்கள் அலைவரிசைமேல் ஏறி உட்கார்ந்துகொண்டு பாட்டுப் போடும். பாதித் தகவலில் குரல் போய்விடும். அப்படி ஒருநாள் சலித்துப் போயிருந்தபோது ராணுவத்தில் செய்ததைச் சொன்னேன். எல்லையில் எதிரி எங்கள் அலைவரிசையைக் கண்டுபிடித்து அதில் இரைச்சலைக் கொட்டுவான். அதற்காகக் கையில் ஒரு பட்டியல் வைத்திருப்போம். மணி இத்தனை ஆனால் இந்த இடம், அடுத்தது இந்த இடம் என்று இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் நகர்வோம்.

"நாமளும் செய்வோமே அண்ணே" என்றார் நூருதீன்.

செய்தோம். குமிழைச் சுற்றியிருந்த தகட்டில் நான் பென்சிலால் நான்கு கோடு போட்டேன். அவரும் போட்டார். கோட்டுக்கு எண் வைத்தால் யாராவது கண்டுபிடிப்பார்கள் என்று அந்த ரோட்டில் பஸ் நிற்கிற ஊர்களின் பெயரை வைத்தோம். கவுல்பாளையம், பேரளி, மருவத்தூர், சித்தளி.

விதி சுலபம். ரேடியோவில் செய்திக்கு முன்னால் வரும் 'பீப்' ஒலிக்குக் கடிகாரத்தைச் சரி செய்துகொள்ள வேண்டும். பேச முடியாமல் போனால் கவுல்பாளையத்துக்குப் போய்க் காத்திருக்க வேண்டும். இருவரும் சேர்ந்த பிறகு, நிமிஷ முள் நகரும்போதெல்லாம் அடுத்த ஊருக்கு நகர வேண்டும். கேட்டாலும் கேட்காவிட்டாலும் நகர வேண்டும். சித்தளி முடிந்தால் மறுபடி கவுல்பாளையம்.

எப்போதாவது ஐந்து நிமிஷம், பத்து நிமிஷம் அப்படிப் பேசுவோம். "பேரளிக்கு வாங்க அண்ணே" என்பார். சட்டப்படி தவறுதான். அதை ஆரம்பித்து வைத்தவன் நான்தான்.

மழைக்கு மூன்றாம் நாள்

எழுபதுகளின் பிற்பகுதியில் ஒரு கார்த்திகை மாதம். மழை பிடித்து மூன்றாம் நாள். முந்தின நாளே டெலிபோன் கம்பங்கள் சாய்ந்துவிட்டன. என்னை மாற்றிவிட வேண்டிய ஆள் வரவில்லை. பஸ் இல்லை. முதல் நாள் காலையில் போட்ட சட்டையோடு மேசையிலேயே தலை வைத்து எழுந்திருந்தேன். வாட்ச்மேன் எங்கிருந்தோ இரண்டு இட்லி வாங்கி வந்து கொடுத்தார்.

காலை பத்து மணி வாக்கில் செட்டில் ஒரு விசில் ஆரம்பித்தது.

இடி இரைச்சல் விட்டு விட்டு வரும். இது விடவில்லை. ஒரே சீராக, காதுக்குள் கம்பியை விட்டுத் திருகுவது போல இருந்தது. எங்கோ ஒரு செட்டில் பேசுவதற்கு அழுத்துகிற சாவி அழுந்தியபடி மாட்டிக்கொண்டிருக்கிறது என்று புரிந்தது. யாருடையது, எங்கே என்று எப்படிக் கேட்பது? கேட்க வேண்டிய அலைவரிசையில்தான் அது நின்றிருந்தது.

ஐந்து நிமிஷம் பார்த்தேன். பிறகு குமிழைக் கவுல்பாளையத்துக்குத் திருகினேன். அங்கே மழையின் பொரிச்சல் மட்டும் இருந்தது.

"நூருதீன், கவுல்பாளையத்துல நிக்கிறேன். வாப்பா. ஓவர்."

ஒன்றுமில்லை. மறுபடி கூப்பிட்டேன். திரும்பத் திரும்பக் கூப்பிட்டேன். கடைசியில் குரல் வந்தது.

"வந்துட்டேன் அண்ணே. உங்களைத்தான் அங்கயே கத்திக் கத்திப் பார்த்தேன். எழுதிக்கங்க. பச்சமலைப் பக்கம் பேய் மழை. மேல ரெண்டு ஏரி..."

விசில் மெதுவாக ஏறி வந்து வார்த்தையை மூடிற்று. இடைவிடாமல் ஓடிச் சூடேறிய செட்டு தன் இடத்தில் நிற்காது, அலையும். அந்த விசில் எங்கள் பின்னாலேயே அலைந்து வந்தது.

நிமிஷ முள் நகர்ந்தது. திருகினேன்.

"பேரளிக்கு வந்துட்டேன் அண்ணே. ரெண்டு ஏரி ஒடைஞ்சிருச்சு. தண்ணி பூரா மருதையாத்துல..."

மருவத்தூரில் வெளிநாட்டுப் பாட்டு. அதற்கு அடியில் அவர் குரல், "எறங்கிருச்சு, எறங்கிருச்சு" என்று. சித்தளியில் பாதி நிமிஷம் சுத்தமாகக் கேட்டது.

"மதியத்துக்குள்ள உங்க பக்கம் வந்துரும். ஆத்தோர சனங்களை ஏத்தச் சொல்லுங்க."

தகவல் தாளில் எழுதியதைவிட விட்ட இடம்தான் அதிகம் இருந்தது. ஒவ்வொரு துண்டையும் அவர் மூன்று தடவை, நான்கு தடவை சொன்னார். ஓர் ஊரில் விட்டது அடுத்த ஊரில் கிடைத்தது. விசில் ஒரு இடத்தில் வந்து சேரும்போது நாங்கள் அடுத்த இடத்தில் இருந்தோம். சாதாரணமாக இரண்டு நிமிஷத்தில் வாங்கக்கூடிய தகவலை வாங்க அரைமணி நேரத்துக்கு மேல் ஆயிற்று.

"விக்கிரமங்கலம் பக்கம் வருமா?" என்று கேட்டேன். தகவல் தாளுக்கு அந்தக் கேள்வி தேவையில்லை.

"தாழ்ந்த எடம் ஒண்ணும் மிஞ்சாதுண்ணே." கொஞ்சம் விட்டு, "அக்கா அங்கதானே இருக்காங்க? சீக்கிரம் ஆளை விடுங்க" என்றார்.

தாளை வாட்ச்மேன் கையில் கொடுத்துத் தாலுகா ஆபீசுக்கு ஓடச் சொன்னேன். ஐம்பது வயதுக்கு மேல் ஆன மனுஷர், வேட்டியைத் தூக்கிக் கட்டிக்கொண்டு மழையில் ஓடினார். எனக்கும் ஓட வேண்டும் போல் இருந்தது. செட்டை விட்டு எழ முடியாது. தண்ணீர் எந்தப் பாலம் வரை வந்தது என்று நூருதீன் சொல்லிக்கொண்டே இருக்க, நான் எழுதிக்கொண்டே இருந்தேன். விசில் மதியம் பன்னிரண்டு மணிக்கு மேல் சட்டென்று நின்றது.

சுண்ணாம்புக்கல் ஏற்றுகிற இரண்டு லாரிகள் ஆற்றோரக் குடியிருப்புக்குப் போயின. சனங்களை ஏற்றி விக்கிரமங்கலம் பள்ளிக்கூடத்தில் இறக்கிவிட்டு, இரண்டாம் நடையும் எடுத்துத் திரும்பினபோது ஆற்றுத் தண்ணீர் ரோட்டுக்கு வந்துவிட்டதாம். குடிசை ஒன்றுகூட மிஞ்சவில்லை. ஆட்கள் தப்பினார்கள். மாரிமுத்து என்பவர் மட்டும் லாரியிலிருந்து குதித்து, கட்டிப் போட்ட மாட்டை அவிழ்க்கத் திரும்பிப் போனார். மூன்றாம் நாள் கரும்புத் தோட்டத்தில் கண்டெடுத்தார்கள்.

வெள்ளம் வடிந்த பிறகு அக்காவைப் பார்க்கப் போனேன். பள்ளிக்கூட வராந்தாவில் ஈரச் சேலையைக் காயப் போட்டுக்கொண்டிருந்தார்.

"பெரம்பலூர்லேர்ந்து யாரோ சொல்லித்தான் லாரி வந்துச்சாமே. யாருடா தம்பி அது?"

"நூருதீன்னு ஒரு தம்பிக்கா."

"அந்தப் புள்ளை வூட்டுல எல்லாரும் நல்லா இருக்கணும்" என்றார் அக்கா. பிறகு மாரிமுத்துவின் பெண்டாட்டி இருந்த பக்கம் பார்த்துவிட்டுப் பேச்சை நிறுத்திக்கொண்டார்.

இரண்டே வார்த்தை

ஓர் உயிர் போனதால் விசாரணை வந்தது. தலைமை நிலையம் நாற்பது நிமிஷம் கூப்பிட்டும் அரியலூரும் பெரம்பலூரும் பதில் தரவில்லை, இருவரும் ஒதுக்கிய அலைவரிசையில் இல்லை என்பது குற்றச்சாட்டு.

திருச்சியில் அந்த ஆபீஸ் வராந்தாவில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். ஒல்லியாக, கண்ணாடி போட்ட ஒருவர் வந்து எதிரில் நின்றார். அந்தக் கனத்த குரலுக்கு நான் வேறு மாதிரி ஆளை நினைத்து வைத்திருந்தேன்.

"அண்ணே?" என்றார்.

குரலைக் கேட்டதும் எழுந்துவிட்டேன். என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். "நான் நெனைச்சதைவிட கட்டையா இருக்கீங்க" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். பியூன் சத்தம் போடாதீர்கள் என்றார்.

இருவரையும் ஒன்றாகவே உள்ளே கூப்பிட்டார்கள். விசிலைப் பற்றி நாங்கள் சொன்னதை அதிகாரி எழுதிக்கொள்ளவில்லை. பக்கத்தில் டைப் அடித்துக்கொண்டிருந்தவர் 'வானிலைக் கோளாறு' என்று அடித்தார்.

"அதெல்லாம் இருக்கட்டும்" என்றார் அதிகாரி. "ஒதுக்கின அலைவரிசையை விட்டு மொதல்ல போனது யாரு?"

அதற்குப் பதில் எனக்குத் தெரியும். பட்டியல் போட்டவன் நான். கோடு போட்டவன் நான். அன்று முதலில் நகர்ந்து நின்று கூப்பிட்டவனும் நான். வாயைத் திறப்பதற்குள் பல விஷயங்கள் நெஞ்சில் வந்து நின்றன. அந்தக் காரணங்களை இங்கே எழுதலாம். எழுதினால் நீங்களும் சரிதான் என்று ஒத்துக்கொள்வீர்கள். அதனால் எழுதவில்லை.

"நான்தான் சார்" என்றார் நூருதீன். "நான்தான் கூப்பிட்டேன். அண்ணன் பின்னால வந்தாரு."

அதிகாரி என் பக்கம் திரும்பினார். "அப்படித்தானா?"

"ஆமாங்க சார்" என்றேன்.

டைப் மெஷின் அதையும் அடித்தது.

வெளியே வந்து டீக்கடையில் நின்றோம். அவர்தான் பேசினார். "உங்களுக்குப் புள்ளைங்க இருக்கு. எனக்கு ஒண்ணும் இல்லேன்னா அண்ணன்மாரு கடை இருக்கு. விடுங்கண்ணே." டீ ஆறி ஆடை கட்டியது. அவருடைய பஸ் வந்தது. ஏறி, ஜன்னலிலிருந்து கை காட்டினார்.

வேலையிலிருந்து அவரை நீக்கிவிட்டார்கள். ஆறு மாதத்துக்குள் வளைகுடாப் பக்கம் போய்விட்டார் என்று கேள்விப்பட்டேன். எனக்கு அடுத்த வருஷம் நிலையப் பொறுப்பாளர் பதவி வந்தது.

அந்த விசில் எங்கிருந்து வந்தது என்பதும் பிறகு தெரிந்தது. ஒரு டிரைவர் சொன்னார். பெரிய அதிகாரி ஒருவர் முகாம் போட்டிருந்த பங்களாவில் செட்டுக்காரர் சாப்பிடப் போன நேரம், யாரோ ஒரு ஃபைல் கட்டைத் தூக்கிச் சாவிமேல் வைத்துவிட்டார்களாம். மதியச் சாப்பாட்டையும் முடித்துக்கொண்டு வந்துதான் பார்த்தார்களாம். எந்தத் தாளிலும் அது ஏறவில்லை.

லப்பைக்குடிக்காடு

பயணியர் மாளிகை வகுப்பின் முடிவில் என்ஜினீயர் சந்தேகம் இருந்தால் கேட்கச் சொன்னார். நான் எழுந்தேன்.

"ரெண்டு செட்டுல ஒண்ணோட கடிகாரம் பின்தங்கிட்டா என்ன ஆகும்?"

"பிரிஞ்சு போயிரும் சார். ரெண்டும் வேலை செய்யும். ஆனா ஒண்ணுக்கொண்ணு கேக்காது. யாராவது ஒருத்தர் மொதல்ல கூப்பிட்டு மறுபடி சேத்து வைக்கணும்."

உட்கார்ந்தேன். அதற்குமேல் அந்த வகுப்பில் எதுவும் என் காதில் ஏறவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை லப்பைக்குடிக்காட்டுக்குப் பஸ் ஏறினேன். வெள்ளாறு கண்ணில் பட்டபோது திரும்பிவிடலாமா என்று தோன்றியது. அந்த எண்ணத்தோடு சண்டை போடக்கூட அலுப்பாக இருந்தது. இறங்கிவிட்டேன்.

நூருதீன் ஊரில் இல்லை. இரண்டு வருஷத்துக்கு ஒருமுறைதான் வருவாராம். துறைமுகத்தில் ஒரு கிடங்கில் வேலையாம். அவருடைய மனைவி மைமூன் வாசல் திரைக்குப் பின்னால் நின்று பேசினார். நாற்காலியில் நூருதீனின் உம்மா தஸ்பீஹ் மணி உருட்டிக்கொண்டிருந்தார்.

"அரியலூர் அண்ணனா? அவங்க சொல்லியிருக்காங்க" என்றார் மைமூன். எனக்கு நாற்காலி போட்டார்கள். சர்பத் வந்தது.

நூருதீனின் அத்தா தவறி இரண்டு வருஷம் ஆகிவிட்டது என்றார்கள். நான் ஏதோ வருத்தம் சொன்னேன். திரைக்குப் பின்னாலிருந்து அமைதியாகக் குரல் வந்தது.

"ஊருல என்ன சொல்றாங்க தெரியுமாண்ணே? டூட்டியில தூங்கிட்டாரு, அதுல ஒரு ஆளு செத்துப் போச்சு, அதான் வேலையை விட்டுத் தூக்கிட்டாங்கன்னு. மாமா மௌத்தாகுற வரைக்கும் அதைத்தான் நம்பிக்கிட்டு இருந்தாங்க. இவங்க ஒரு வார்த்தை மறுத்துச் சொன்னதில்ல."

நான் சர்பத்தைக் கீழே வைத்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். விசில், லாரி, அக்கா, விசாரணை, நான் சொன்ன இரண்டு வார்த்தை. சொல்லி முடித்தபோது மணி உருளும் சத்தம் நின்றிருந்தது. உம்மா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். திட்டுவார் என்று காத்திருந்தேன்.

"இதை எழுத்துல கொடுப்பீங்களாண்ணே?" என்றார் மைமூன். "எங்க கொடுக்கணுமோ அங்க."

பதில்

எழுதினேன். மூன்று பக்கம். எத்தனையோ தகவல்களை வருஷக்கணக்கில் அடுத்தவருக்காக எழுதிய கைக்கு அந்த மூன்று பக்கம் எழுத இரண்டு வாரம் ஆயிற்று. மேலிடத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். என்னைக் கூப்பிட்டு விசாரிப்பார்கள், பதவி போகும் என்று வீட்டில் சொல்லி வைத்தேன். என் மனைவி, "போனா போகட்டும்" என்று மட்டும் சொன்னாள். பதில் எதிர்பார்த்து மாதங்கள் போயின.

பதில் வந்தது. நான்கு வரி. தாங்கள் குறிப்பிடும் கோப்பு பாதுகாப்புக் காலம் முடிந்து அழிக்கப்பட்டுவிட்டது, ஆகவே மேல் நடவடிக்கை எதுவும் எடுக்க இயலாது என்று இருந்தது. எனக்குத் தண்டனையும் இல்லை, அவருக்கு விடுதலையும் இல்லை. அதைக் கையில் வைத்துக்கொண்டு ஆபீஸ் மேசையில் அன்று முழுக்க உட்கார்ந்திருந்தேன். கோபம்கூட வரவில்லை. அடித்துப் போட்ட மாதிரி இருந்தது.

அந்தத் தாளை எடுத்துக்கொண்டு மறுபடி லப்பைக்குடிக்காடு போனேன். மைமூன் இந்த முறை திரைக்கு வெளியே வந்து, முக்காட்டைச் சரி செய்துகொண்டு, தாளை வாங்கிப் படித்தார். இரண்டு முறை படித்தார். மடித்து என்னிடமே திருப்பிக் கொடுத்தார்.

"இது வேணாம்ணே. நீங்க எழுதினீங்களே, அதோட நகல் இருக்கா?"

சட்டைப் பையில் இருந்தது. எடுத்துக் கொடுத்தேன். அவர் அதை வாங்கவில்லை.

"மாமிக்குப் படிக்கத் தெரியாது. நீங்களே படிச்சிருங்க. வெளிநாட்டுல இருக்கிற அவங்களுக்கும் கேசட்டுல பேசி அனுப்புறதுதான் எங்க பழக்கம். வர்ற வெள்ளிக்கிழமை அங்க போற ஆளு இருக்கு."

உள்ளே போய் டேப் ரெக்கார்டரைக் கொண்டுவந்து என் முன்னால் ஸ்டூலில் வைத்தார். உம்மா நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். மைமூன் இரண்டு பட்டன்களைச் சேர்த்து அழுத்தினார். சக்கரங்கள் சுற்ற ஆரம்பித்தன.

"அன்று ஒதுக்கிய அலைவரிசையை விட்டு முதலில் நகர்ந்தவன் நான். நூருதீன் என் பின்னால் வந்தார். விசாரணையில் அவர் என்னைக் காப்பாற்றப் பொய் சொன்னார். நான் என்னைக் காப்பாற்றிக்கொள்ள..."

அதற்குமேல் குரல் வரவில்லை. தெருவில் ஒரு சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போயிற்று. எழுத்துகள் கலங்கித் தெரிந்தன.

மைமூன் மெஷினை நிறுத்தினார். பின்னால் சுற்றினார்.

"மொதல்லேர்ந்து படிங்கண்ணே" என்றார். "அவங்களுக்குத் தெளிவா கேக்கணும்."

உம்மா தண்ணீர்ச் செம்பை என் பக்கம் நகர்த்தினார். குடித்துவிட்டு, தாளை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு, முதலிலிருந்து படித்தேன்.